பனங்கண்டிகை மாடுகளின் காது

திருப்பதி,
4-3-1957

அன்புள்ள அக்காவுக்குத் தம்பி நாகபூஷணம் நமஸ்காரம் செய்து எழுதுவது. மலைமேல் இருப்பவன் தயவில் இங்கே நான் நலம். அங்கே நீயும், மாமாவும், குழந்தை வள்ளியும், முக்கியமாக நம் செவலைப் பசுவும் நலமா? மாட்டைப் போய் விசாரிக்கிறானே என்று சிரிக்காதே. இனிமேல் மாட்டை விசாரிக்கத்தான் எனக்குச் சம்பளம்!

ஆமாம் அக்கா, வேலை கிடைத்துவிட்டது! மாட்டாஸ்பத்திரியில் ஊசி போடும் கோஷ்டியில் என்னைச் சேர்த்துக்கொண்டார்கள். காக்கிச் சட்டை, தோளில் ஒரு பை, கையில் ஐஸ் போட்ட பிளாஸ்க். மருந்து அந்த ஐஸுக்குள்தான் இருக்கும். ஐஸ் கரைந்தால் மருந்தும் செத்தது. அதனால் பஸ்ஸில் போகும்போது பிளாஸ்கைக் கைக்குழந்தை மாதிரி மடியில் வைத்துக்கொள்கிறேன். பக்கத்தில் உட்கார்ந்தவர்களெல்லாம் எனக்கு இடம் விடுகிறார்கள்!

மாடுகளைக் கூட்டம் கூட்டமாகக் கொல்லும் வெக்கை நோயை இந்த நாட்டிலேயே இல்லாமல் செய்யப்போகிறோம். ஊசி போட்ட ஒவ்வொரு மாட்டுக்கும் வலது காதில் ஓர் ஓட்டை போடுகிறோம். அதுதான் அடையாளம். ஓட்டை விழுந்த மாடு அன்றைக்கே ஆந்திர சர்க்கார் கணக்கில் ஏறிவிடும். எந்த ஊரில் எத்தனை ஓட்டை என்று ஹைதராபாத் வரைக்கும் தாக்கல் போகிறது. ஓட்டை இல்லாத மாடு சர்க்காருக்கு மாடே இல்லை! பார்த்தாயா, உன் தம்பி கையிலிருக்கும் சின்ன இடுக்கிக்கு எவ்வளவு அதிகாரம்!

ஏப்ரல் 18ஆம் தேதி பனங்கண்டிகைக்கு வருகிறோம். ஊர் மாடுகளையெல்லாம் கங்கம்மா கோயில் முன்னால் கட்டி வைக்கச் சொல். மாமாவிடம் இந்தக் கடிதத்தைக் காட்டு. வள்ளிக்கு என் முத்தம்.

உன் தம்பி,
நாகபூஷணம்

பனங்கண்டிகை,
15-3-1957

சிரஞ்சீவி நாகபூஷணத்துக்கு அக்கா அலர்மேல்மங்கையின் ஆசீர்வாதம். இவ்விடம் எல்லோரும் சுகம். நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா, ஓட்டல் சோறு ஒத்துக்கொள்கிறதா என்று எழுது. மாட்டை விசாரித்தவன் அக்காவின் முட்டிவலியை விசாரிக்கவில்லை. பரவாயில்லை, என் காதில் இருப்பது சர்க்கார் ஓட்டை இல்லையே!

உன் கடிதத்தைப் பார்த்ததும் எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. நைனா போனபோது உனக்குப் பத்து வயசு. மாட்டைக் கண்டால் மூணு காத தூரம் ஓடுவாய். அந்தப் பையன் காக்கிச் சட்டை போட்டுக்கொண்டு மாட்டுக்கு ஊசி குத்துகிறான் என்றால் நைனாவே நம்பமாட்டார்.

உன் மாமாவுக்கும் பெருமைதான். கடிதத்தை எடுத்துக்கொண்டு போய்க் கோயில் முன்னால் ஊர் கூடியிருந்தபோது உரக்கப் படித்தார். எல்லை விசாரணைக்கு மனு எழுத அன்றைக்குக் கூட்டம். நம் ஊர் ஆந்திராவில் இருக்குமா, சென்னை ராஜ்யத்துக்குப் போகுமா என்பதுதான் இப்போது இங்கே காலையிலிருந்து சாயங்காலம் வரை பேச்சு. உன் மாமாதான் மனுவுக்குக் காரியதரிசி. ஏகாம்பரம் பெரியவர் உன் கடிதத்தை இன்னொரு தரம் படிக்கச் சொன்னாராம். ஓட்டையைப் பற்றிய இடத்தை மட்டும் மூன்றாவது தரமும் படித்தார்களாம்.

செவலை சினையாக இருக்கிறாள். நல்ல வயிறு. உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் அக்கா,
அலர்மேல்மங்கை

திருப்பதி,
20-4-1957

அக்காவுக்கு நமஸ்காரம். நலம், நலமறிய ஆவல் என்று எழுதக்கூட மனசில்லை. ஆனாலும் நலமா?

நேற்று முன்தினம் வந்தோமே! டாக்டர் வேதாச்சலம், நான், இன்னும் இரண்டு பேர். பாலசமுத்திரத்தில் பஸ்ஸை விட்டு இறங்கி, வெயிலில் பிளாஸ்கைத் துண்டால் மூடிக்கொண்டு நடந்து வந்தோம். "எங்க அக்கா ஊரு சார், மாட்டையெல்லாம் வரிசையா கட்டி வெச்சிருப்பாங்க" என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தேன்.

ஊரில் ஒரு மாடு இல்லை! ஒரு கன்றுக்குட்டி இல்லை! தொழுவங்களில் சாணம் ஈரமாகக் கிடக்கிறது, மாட்டை மட்டும் காணோம். உன் வீட்டுக்கு ஓடி வந்தேன். பூட்டு தொங்குகிறது. கோயில் முன்னால் இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். டாக்டர் பிளாஸ்கைத் திறந்து பார்த்தார். ஐஸ் தண்ணீராகிவிட்டது. மருந்தை அப்படியே கொட்டினார். என்னைத் திட்டியிருந்தால்கூடத் தேவலை. காலி பிளாஸ்கை என் கையில் கொடுத்துவிட்டு ரோட்டைப் பார்த்து நடந்தார்.

என்ன நடந்தது அக்கா? உடனே எழுது.

நாகபூஷணம்

பனங்கண்டிகை,
9-5-1957

சிரஞ்சீவி தம்பிக்கு ஆசீர்வாதம். அனைவரும் சுகம். வள்ளிக்கு இரண்டு நாள் ஜுரம் இருந்து கஷாயத்தில் விட்டது. மாங்காய் இந்த வருஷம் கொம்பு ஒடியக் காய்த்திருக்கிறது. ஊறுகாய் போட்டு அனுப்புகிறேன்.

நீ வந்த அன்றைக்கு நாங்கள் உன் மாமாவின் உறவில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தோம். பதில் எழுதத் தாமதமானதற்குக் கோபித்துக்கொள்ளாதே. வெயிலில் அலையாதே. மோர் குடி.

அக்கா

திருப்பதி,
13-5-1957

அக்காவுக்கு நமஸ்காரம். வள்ளிக்கு ஜுரம் விட்டதில் சந்தோஷம்.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். மாடுகளுமா கல்யாணத்துக்குப் போயின?

விளையாட்டு இல்லை அக்கா. நகரிக்கு வடக்கே ஓர் ஊரில் வெக்கை நோய் விழுந்துவிட்டது. சந்தையில் வாங்கி வந்த ஒரு ஜோடியிலிருந்து ஆரம்பித்ததாம். நானே போய்ப் பார்த்தேன். கண்ணில் நீர் வடிகிறது, வாயெல்லாம் புண், பிறகு கழிச்சல். ஐந்தாம் நாள் விழுந்துவிடுகிறது. ஊசி போட்ட பக்கத்து ஊரில் ஒன்றுக்கும் ஒன்றும் ஆகவில்லை! வலது காதில் ஓட்டையோடு ஜம்மென்று அசைபோட்டுக்கொண்டு நிற்கின்றன. நோய் ரோட்டோடு தெற்கே வருகிறது. ஊசி போட்டால்கூடப் பத்து நாளாவது ஆகும் உடம்பில் அது ஏற. செவலையும் அவள் ஈன்ற இரண்டு காளைகளும்தான் உன் வீட்டு ஏர், உன் வீட்டுச் சோறு. மறைக்காமல் எழுது.

நாகபூஷணம்

பனங்கண்டிகை,
24-5-1957

அன்புள்ள தம்பிக்கு. சுகம் என்று எழுத இருந்தேன். சுகமில்லை. உன் கடிதத்தைப் படித்ததிலிருந்து தொழுவத்துக்கு ஒரு நாளைக்குப் பத்து தரம் போய் அதுகளின் கண்ணைப் பார்க்கிறேன்.

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். கல்யாணம் ஒன்றும் இல்லை. நீ வரும் நாள் தெரிந்து, விடிவதற்குள் ஊர் மாடு எழுபத்துமூன்றையும் எல்லைக்கு அந்தப் பக்கம், சோளிங்கர் வழியில் ஒரு தோப்புக்கு ஓட்டிக்கொண்டு போய்விட்டார்கள். பெண்களும் கூடப் போனோம். முன்னால் ஓட்டிக்கொண்டு போனது உன் மாமா.

ஏன் என்று கேட்பாய். ஆந்திரா ஓட்டை எந்த ஊர் மாட்டில் விழுகிறதோ அந்த ஊர் ஆந்திராவுக்கு என்று தீர்ப்பாகிவிடும் என்று இங்கே எல்லோரும் நம்புகிறார்கள். எல்லை விசாரணைக்காரர்கள் வந்து மாட்டின் காதைப் பார்ப்பார்களாம். சென்னைக்காரர்கள் வந்தால் இடது காதில் போடுவார்களாம். அவர்கள் வரும்வரை வலது காதைக் காப்பாற்ற வேண்டுமாம். "நம்ம வாயால இன்னா சொன்னாலும் எடுபடாது, மாடு காதுலதான் கீது ஊரோட தலையெழுத்து" என்று ஏகாம்பரம் பெரியவர் சொல்கிறார். பக்கத்து ஊர் மேலண்டைக் கண்டிகைக்காரர்களும் நம்மைப் பார்த்து மாட்டை மறைக்கிறார்கள்.

நான் உன் மாமாவிடம் நோயைப் பற்றிச் சொன்னேன். "நோவு வந்தா பாத்துக்கலாம், ஊரு போச்சுன்னா திரும்பி வருமா?" என்றார். அவர் கெட்டவர் இல்லை தம்பி. வள்ளி தமிழில் படிக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறார். அவ்வளவுதான்.

அக்கா

திருப்பதி,
28-5-1957

அக்காவுக்கு நமஸ்காரம். உன் கடிதம் படித்துச் சிரிப்பதா அழுவதா தெரியவில்லை. எல்லைக்கும் ஊசிக்கும் என்ன சம்பந்தம்! ஊசி போட்ட மாட்டுக்கு மறுபடி போட்டுவிடக்கூடாது என்றுதானே ஓட்டை! காதைப் பார்த்தா ராஜ்யம் பிரிப்பார்கள்?

இந்தக் கதையைக் கட்டிவிட்ட முட்டாள் யார்? பெயரை எழுது. டாக்டர் வேதாச்சலத்திடம் சொல்லி, தாசில்தாரிடம் சொல்லி, அவனை ஊர் நடுவில் நிற்க வைத்து நாலு கேள்வி கேட்கிறேன். எழுபத்துமூன்று வாயில்லாத ஜீவன்களோடு விளையாடியிருக்கிறானே! அவன் பெயர் எனக்கு வேண்டும்.

நாகபூஷணம்

பனங்கண்டிகை,
3-6-1957

சிரஞ்சீவி தம்பிக்கு ஆசீர்வாதம். இங்கே மாடுகள் இன்னும் நலம்.

நீ கேட்ட பெயரை எழுதவே கூடாது என்று இருந்தேன். இத்துடன் ஒரு காகிதம் வைத்திருக்கிறேன். மடித்து மடித்து நாலாகக் கிழிந்துவிட்டது, சோற்றுப்பசையில் ஒட்டியிருக்கிறேன். மூன்று கண்டிகை கை மாறி வந்தது. கோடு போட்டது நான் இல்லை, ஊர்க்காரர்கள். "ஆந்திர சர்க்கார் கணக்கில் ஏறிவிடும்." "எந்த ஊரில் எத்தனை ஓட்டை என்று ஹைதராபாத் வரைக்கும்." கீழே கையெழுத்து யாருடையது பார்.

வருத்தப்படாதே. வேலை கிடைத்த சந்தோஷத்தில் கொஞ்சம் மீசையை முறுக்கினாய். நான்தான் அதைப் படித்துப் பூரித்துப்போய் உன் மாமா கையில் கொடுத்தேன். பாதி தப்பு என்னுடையது.

இப்போது அழுது லாபமில்லை. எனக்கு ஒரு யோசனை. நேற்று ஏகாம்பரம் பெரியவர் மோர் கேட்டு வந்தார். "பெரியப்பா, வலது காதுல ஒண்ணு, இடது காதுல ஒண்ணு, ரெண்டுலயும் போட்டுட்டா ஊரு எந்தப் பக்கம்?" என்று கேட்டேன். மோரைக் குடிக்காமல் யோசித்தார். "அப்போ சமம்" என்றார். "ரெண்டு பக்கமும் சமம்னா மாட்டு கணக்கு தள்ளுபடி. மனுசன் கணக்குதான்." அவர் சொன்னால் ஊர் கேட்கும்.

உன் டாக்டர் இரண்டு காதிலும் போடுவாரா? கேள். சீக்கிரம் கேள். பொதட்டூர்ப்பேட்டைப் பக்கம் மாடு விழுவதாகப் பேச்சு வந்துவிட்டது.

அக்கா

திருப்பதி,
10-6-1957

என் அக்காவுக்கு ஆயிரம் நமஸ்காரம்! நீ நலமாக இருக்க வேண்டும், நூறு வயசு இருக்க வேண்டும்!

என் கடிதத்தை நானே படித்தேன். வெட்கத்தைப் பற்றி எழுதினால் பக்கம் போதாது, விடு. உன் யோசனையை டாக்டரிடம் சொன்னேன். முதலில் "ரெண்டு செவுலா?" என்று தெலுங்கில் கத்தினார். ரெண்டு காதா என்று அர்த்தம். பிறகு சிரித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு மறுபடி சிரித்தார். பிறகு சட்டப் புஸ்தகத்தை எடுத்துப் பார்த்தார். "வலது காதுல போடணும்னு இருக்கு. இடது காதுல போடக்கூடாதுன்னு எங்கயும் இல்ல. ஊசி உள்ள போகணும், அவ்வளவுதான் எனக்கு" என்றார். சம்மதித்துவிட்டார் அக்கா! சம்மதித்துவிட்டார்!

19ஆம் தேதி காலை வருகிறார். கூட ரங்கன் என்று ஒருவர் வருவார், நல்ல கை. எனக்குத் திருச்சானூர் முகாமில் வேலை இருப்பதால் வர முடியவில்லை. செவலைக்கு ஊசிக்குப் பிறகு இரண்டு மூன்று நாள் ஜுரம் வரலாம், பயப்படாதே. ஒரு வரியாவது உடனே எழுது.

நாகபூஷணம்

பனங்கண்டிகை,
21-6-1957

சிரஞ்சீவி நாகபூஷணத்துக்கு ஆசீர்வாதம். நீ நலமா? நடுநடுவே தொழுவத்துக்கு ஓடிவிட்டு வந்து எழுதுகிறேன், எழுத்துக் கோணலாக இருந்தால் திட்டாதே.

வந்தார்கள்! பிளாஸ்கைக் கோயில் நிழலில் வைத்தார்கள். ஊர் முழுக்க நின்றது, மாடுகளும் நின்றன, ஆனால் யாரும் கயிற்றை அவிழ்க்கவில்லை. ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எனக்கு ஐஸ் கரைகிற சத்தம் கேட்பது போலவே இருந்தது. போதும் என்று செவலையை நான் பிடித்துக்கொண்டு போனேன். ஊசி குத்தினார்கள். வலது காதில் ஒன்று, இடது காதில் ஒன்று. அவள் தலையை ஒரு உதறு உதறினாள், அவ்வளவுதான்.

ஏகாம்பரம் பெரியவர் ஓர் ஈர்க்கை ஒடித்து வந்து இரண்டு ஓட்டையிலும் விட்டுப் பார்த்தார். "இடது பக்கம் கொஞ்சம் சின்னதா கீற மாதிரி கீதே" என்றார். ரங்கன் இடுக்கியைக் காட்டி, "ஒரே இடுக்கி பெரியவரே, எப்டி சின்னதாவும்?" என்றார். மறுபடி ஈர்க்கை விட்டுப் பார்த்துவிட்டு, "சமம்தான்!" என்று கத்தினார். அதற்குப் பிறகு தள்ளுமுள்ளு தம்பி! முதலில் என் மாடு, உன் மாடு என்று சண்டை. கமலம்மாவும் அவள் பக்கத்து வீட்டுக்காரியும் கயிற்றை இழுத்து இழுத்து இரண்டு பேரும் விழுந்தார்கள்.

ஆனால் உன் மாமா வரவில்லை. ரோட்டுக்கு அந்தப் பக்கம் காளைகள் இரண்டையும் பிடித்துக்கொண்டு நின்றார். எல்லைக் கூட்டத்தில், என் மாட்டின் வலது காதில் ஓட்டை விழவிடமாட்டேன் என்று மைக்கில் சொல்லிவிட்டாரே. எழுபத்தொரு மாடு முடிந்தது. டாக்டர் பிளாஸ்கைப் பார்த்தார். நான் ரோட்டைத் தாண்டிப் போய்க் கயிற்றைப் பிடித்தேன்.

"எல்லாரும் பாத்துக்கினு கீறாங்க. கயித்த வுடு" என்றார்.

"பாக்கட்டும். எங்க நைனா எனக்குச் சீரா குடுத்த பசு ஈன்ன காளைங்க இது. உங்க வார்த்தைக்காக என் மாட்ட சாவ வுடமாட்டேன்" என்றேன்.

கல்யாணமாகிப் பத்து வருஷத்தில் அவர் முன்னால் நான் இப்படிப் பேசியதில்லை. கயிற்றை விட்டுவிட்டார். திரும்பிப் பார்க்காமல் வயலுக்குப் போய்விட்டார். இரண்டு நாளாக என்னோடு பேசவில்லை. இன்று காலையிலிருந்து செவலைக்கு ஜுரம், தின்னவும் இல்லை.

இன்னொன்று. திருச்சானூரில் உனக்கு என்ன வேலை என்று ரங்கன் சொல்லிவிட்டார். "உங்க தம்பி டாக்டராண்ட தானே போயி, எல்லாம் என் லெட்டரால வந்த வினைன்னு சொன்னாரும்மா. அதான் இந்த மாசம் பூரா இடுக்கிய தொடக்கூடாதுன்னு தொழுவம் கழுவ வுட்டுக்கீறாங்க." நீ எனக்கு எழுதவில்லை. எழுதாமல் இருந்ததற்குக் கோபம். சொன்னதற்குப் பெருமை.

அக்கா

திருப்பதி,
29-7-1957

அக்காவுக்கு நமஸ்காரம். இது மூன்றாவது கடிதம். இரண்டுக்குப் பதில் இல்லை. நலமா என்று சும்மா கேட்கவில்லை, நிஜமாகவே கேட்கிறேன். பாலசமுத்திரம் பக்கம் நோய் வந்துவிட்டது என்று ஆபீசுக்குத் தாக்கல் வந்திருக்கிறது. அந்தப் பக்க ரோடுகளில் யாரையும் விடுவதில்லை, நானும் வர முடியாது. செவலைக்கு ஜுரம் என்ற இடத்தில் நீ நிறுத்தினாய். நான் அங்கேயே நின்றுகொண்டிருக்கிறேன். மாமா பேசினாரா? கெட்ட செய்தியானாலும் எழுது அக்கா.

நாகபூஷணம்

பனங்கண்டிகை,
22-8-1957

அன்புள்ள தம்பிக்கு அக்காவின் ஆசீர்வாதம். தபால்காரரையும் ஊருக்குள் விடவில்லை. இன்றைக்குத்தான் உன் மூன்று கடிதமும் ஒன்றாக வந்தன. நலம். நலம். நலம். மூன்றுக்கும் பதில் ஆயிற்றா?

செவலைக்கு மூன்று நாள் ஜுரம் அடித்தது. ஊசி போட்டுக் கொன்றுவிட்டாள் என்று வாசலில் வந்து நின்று திட்டினார்கள். நாலாம் நாள் எழுந்து தவிட்டுத் தண்ணீரை உறிஞ்சினாள். பிறகு நோய் வந்தது. மேலண்டைக் கண்டிகையில் பதினாறு மாடு போய்விட்டன. அவர்கள் கடைசிவரை ஊசி போட்டுக்கொள்ளவில்லை. காரணத்தை நான் எழுதவில்லை, நீயும் கேட்காதே. இங்கே எழுபத்துமூன்றில் ஒன்றுக்கும் கண்ணில் ஒரு சொட்டு நீர்கூட வரவில்லை! ஒன்றுக்கும்!

உன் மாமா பேசினார். மேலண்டையில் முதல் மாடு விழுந்த அன்று தொழுவத்துக்கு வந்து இரண்டு காளைகளின் காதையும் தடவிக்கொண்டு வெகுநேரம் நின்றார். "சோறு போடு" என்றார். அவ்வளவுதான் பேச்சு. மறுநாள் ஊரைக் கூட்டி, மேலண்டைக்காரர்களின் நிலத்தை இந்தப் பருவத்துக்கு நம் மாடுகளே உழுது கொடுக்கும் என்று சொல்லிவிட்டார். நோய் நின்றதும் நம் காளைகளைத்தான் முதலில் பூட்டிக்கொண்டு போனார்.

எல்லை விஷயமாக ஓர் அதிகாரியும் வந்து போனார். ஏகாம்பரம் பெரியவர் ஒரு மாட்டை இழுத்துக்கொண்டு போய், "ரெண்டு காதும் சமம் சார், நல்லா பாத்துக்கோங்க" என்று காட்டினார். அவர் திகைத்துப்போய், "மாட்டை யாருய்யா கேட்டது? உங்க வீட்டுல என்ன பாஷை பேசறீங்க?" என்றாராம். ஊரே தலையைக் குனிந்துகொண்டது. உன் மாமா மட்டும் விழுந்து விழுந்து சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து ரொம்ப நாளாயிற்று.

ஊர் எந்தப் பக்கம் போகும் என்று இன்னும் யாருக்கும் தெரியாது. எந்தப் பக்கம் போனாலும் எழுபத்துநாலு மாட்டோடு போகும். ஆமாம், எழுபத்துநாலு. நேற்றுக் காலை செவலை ஒரு கிடேரி ஈன்றாள். உன் மாமாவே துணியால் துடைத்துத் தூக்கி நிறுத்தினார். நான் உனக்கு எழுத உட்கார்ந்ததைப் பார்த்துவிட்டு வாசலில் இருந்தே சொன்னார்:

"ஆறு மாசம் போவட்டும், உன் தம்பிய வரச் சொல்லு. இதுக்கு வேற எவனும் ஊசி போடக்கூடாது. அவன் போடட்டும், மாட்ட நான் புடிச்சிக்கிறேன்."

வா தம்பி. காத்துக்கொண்டிருக்கிறோம்.

உன் அக்கா,
அலர்மேல்மங்கை